பிணை நிற்பவர் யார்?

மேலூரில் ஒருநாள் அஸர் தொழுகை முடிந்தபின் பெரியவர் ஒருவர் மடித்த தாள் ஒன்றுடன் நம்மிடம் வந்து உட்கார்ந்தார். "ஹஜரத், மகனுக்கு ரியாதிலே வீட்டு டிரைவர் விசா வந்திருக்கு. அங்கே இருக்கிற என் மச்சினன்தான் கஃபீல்கிட்டே பேசி எடுத்திருக்கான். ஒண்ணரை லட்சம் கேக்குறான். மகளோட நகையை அடகு வச்சுக் கொடுக்கலாம்னு இருக்கேன். மார்க்கத்திலே இது கூடுமா?" என்று கேட்டார்.

நகை அடகில் வட்டி வருமே என்பது ஒரு புறம் இருக்கட்டும். அது யாவரும் அறிந்த மஸ்அலா. அவர் வாயில் வந்த "கஃபீல்" என்ற சொல்தான் நம்மைச் சிந்திக்க வைத்தது. மதரஸாவில் நாம் கிதாபு ஓதிய நாளில் படித்த சொல் அது. இன்று வளைகுடாவுக்குப் பிள்ளைகளை அனுப்பிய ஒவ்வொரு வீட்டிலும் அது புழங்குகிறது. கிதாபில் உள்ள கஃபீலும் ரியாதில் உள்ள கஃபீலும் ஒருவர்தாமா என்பதை வாசகர்கள் அறிந்து கொள்வது அவசியமாகும்.

"கஃபாலா" என்றால் பொறுப்பேற்றல், பிணை நிற்றல் என்று பொருள். மர்யம் (அலை) அவர்களைச் சிறுவயதில் வளர்க்கும் பொறுப்பை ஸகரிய்யா (அலை) அவர்கள் ஏற்றதை ஆலு இம்ரான் அத்தியாயம் இச்சொல்லாலேயே கூறுகிறது. அநாதையைப் பொறுப்பேற்று வளர்ப்பவருக்கும் ஹதீஸில் இதே பெயர்தான். பாரத்தைச் சுமப்பவரே கஃபீல். பிறர்மீது பாரத்தை ஏற்றுபவர் அல்லர்.

நம் பகுதி ராவுத்தர்கள் பெரும்பாலும் ஹனஃபீ மத்ஹபினர். ஆகவே இமாம் மர்கீனானீ (ரஹ்) அவர்களின் ஹிதாயாவைக் கொண்டே சொல்வோம். கஃபாலாவுக்கு அந்நூலில் தனிப் பாடமே உண்டு. அதில் இருவகை கூறப்படுகிறது. பணத்துக்குப் பிணை நிற்பது ஒன்று. கடன்பட்டவன் கொடுக்காவிட்டால், கடன் கொடுத்தவன் கஃபீலின் சட்டையைப் பிடிக்கலாம். ஆளுக்குப் பிணை நிற்பது மற்றொன்று. இன்னாரைக் குறித்த நாளில் காழியின் முன் கொண்டுவந்து நிறுத்துவேன் என்று ஏற்றுக்கொள்வது அது. வாய்ப்பிருந்தும் கொண்டுவந்து நிறுத்தாவிட்டால் காழி யாரைச் சிறையில் அடைப்பார்? கஃபீலை! ஆளை அல்ல. இந்த இடத்தை வாசகர்கள் நினைவில் வைத்துக் கொள்ள வேண்டும்.

யூஸுஃப் அத்தியாயத்தில் அரசரின் அளவுபாத்திரம் காணாமற் போகிறது. அதைக் கொண்டுவருபவருக்கு ஓர் ஒட்டகச் சுமை தானியம் உண்டென்றும், அதற்குத் தாம் பிணை என்றும் அறிவிப்பாளர் கூறுகிறார். ஃபுகஹாக்கள் இந்த ஒரே ஆயத்திலிருந்து இரண்டு சட்டங்களை எடுத்தார்கள். வேலையைச் செய்து முடித்தவனுக்குப் பேசிய கூலி உண்டு என்பது ஒன்று. அந்தக் கூலிக்கு இன்னொருவர் பிணை நிற்கலாம் என்பது மற்றொன்று. கூலி பெறுபவன் உழைத்தவன். பிணை நிற்பவர், உழைத்தவனுக்குக் கூலி போய்ச் சேரும் என்று உறுதி கூறுபவர். இரண்டும் வேறு வேறு.

மூன்று தீனார் கடனோடு இறந்த ஒருவரின் ஜனாஸாவைத் தொழவைக்க நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் முன்வரவில்லை. அபூகதாதா (ரலி) அவர்கள் அக்கடனைத் தம் பொறுப்பில் ஏற்றபின்பே தொழவைத்தார்கள். அபூகதாதா (ரலி) இறந்தவரின் வீட்டாரிடம் அதற்காக ஒரு திர்ஹமும் கேட்கவில்லை. பிணை நிற்பது நன்கொடையைச் சேர்ந்த நற்செயல். ஆகவே அதற்குக் கட்டணம் வாங்குவதை இமாம்கள் தடுத்தார்கள். பிணை நின்றவர் கடனை அடைக்க நேர்ந்தால் அது அவர் கொடுத்த கடனாகிவிடும். முன்னரே வாங்கிய கட்டணம் கடனுக்குப் பெற்ற ஆதாயம் போலாகிவிடும் என்பது அதன் காரணம். 1985 டிசம்பரில் ஜித்தாவில் கூடிய சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹ் அகாடமியும் வங்கிகள் தரும் பிணைக் கடிதங்களைப் பற்றி இவ்வாறே தீர்மானித்தது. பிணைக்காகக் கூலி கூடாது. ஏற்பட்ட உண்மையான செலவை வாங்கிக் கொள்ளலாம் என்றது.

அப்படியிருக்க, அரபு நாட்டில் இந்தச் சொல் தலைகீழாய்ப் போனது எப்படி?

எண்ணெய் கிடைப்பதற்கு முன் வளைகுடாவின் பிழைப்பு முத்துக்குளிப்பு. நம் கீழக்கரை, காயல்பட்டினத்துக்காரர்களுக்கு முத்துச் சலாபத்தைப் பற்றிச் சொல்லவேண்டியதில்லை. அங்கே முத்துக்குளிப்பவர் நாகுதாவிடம் முன்பணம் வாங்கிக் கடனில் கட்டுண்டிருப்பார். கணக்குத் தீராமல் வேறு நாகுதாவிடம் போக முடியாது. 1920களில் பஹ்ரைனில் வெளிநாட்டுத் தொழிலாளரைக் கட்டுப்படுத்த ஆங்கிலேய நிர்வாகம் வகுத்த முறைகளில்தான் இன்றைய கஃபாலாவின் வேர் இருக்கிறது என்று ஆராய்ச்சியாளர் சிலர் கூறுகின்றனர். 1961இல் குவைத்தும், 1971இல் பஹ்ரைன், கத்தர், ஐக்கிய அரபு அமீரகம் ஆகியனவும் சுதந்திரம் பெற்றன. 1973இல் எண்ணெய் விலை மளமளவென ஏறியது. சாலை போடவும் வீடு கட்டவும் சமைக்கவும் வண்டி ஓட்டவும் ஆட்கள் தேவைப்பட்டார்கள். ஆளைக் கொண்டுவரும் அதிகாரத்தை அரசாங்கங்கள் தம் குடிமக்களிடமே விட்டன. எண்ணெய்ச் செல்வத்தில் குடிமகனுக்குக் கிடைத்த பங்குகளில் இதுவும் ஒன்று என்றே நாம் கருதுகிறோம்.

இதன்படி தொழிலாளியின் இகாமா கஃபீலின் பெயரோடு கட்டப்பட்டது. வேலை மாற அவர் சம்மதம் வேண்டும். பல நாடுகளில் ஊர் திரும்பவும் அவர் அனுமதி வேண்டும். சட்டம் தடுத்தும் பாஸ்போர்ட்டை வாங்கிப் பூட்டி வைப்பவர்கள் உண்டு. சம்பளம் தராத கஃபீலைவிட்டு ஒருவன் வெளியேறினால், கஃபீல் "ஹுரூப்" என்று பதிவு செய்துவிடுவார். ஹுரூப் என்றால் ஓடிப்போதல். பிறகு பிடித்து அடைக்கப்படுபவன் தொழிலாளி. ஹிதாயாவில் சிறை செல்பவர் கஃபீல்; இங்கே சிறை செல்பவன் யாருக்காகப் பிணை நிற்கப்பட்டதோ அவன்!

இன்னொன்றும் சொல்லத் தோன்றுகிறது. நம் பிள்ளைகள் அங்கே முதலாளியை "அர்பாப்" என்று அழைக்கிறார்கள். அது "ரப்பு" என்பதன் பன்மை. சிறையில் இருந்த இரு தோழர்களிடம், பல அர்பாபுகள் மேலா, ஏகனான அல்லாஹ் மேலா என்று யூஸுஃப் (அலை) அவர்கள் கேட்ட அதே சொல். முதல் போட்டவரை "ரப்புல் மால்" என்று சொல்லும் வழக்கு ஃபிக்ஹ் நூல்களில் இருப்பதால் இதை ஹராம் என்று கூற நாம் வரவில்லை. ஆனாலும் கேட்கும்போது மனம் கூசத்தான் செய்கிறது.

இது ஷரீஅத் அன்று, அரசியல் ஏற்பாடே என்பதற்கு யமன் நாட்டவரின் கதை போதும். சவூதியில் பல்லாண்டுகள் அவர்களுக்குக் கஃபீல் தேவைப்படவில்லை. 1990 ஆகஸ்டில் இராக் குவைத்துக்குள் புகுந்தபோது யமன் அரசு சவூதியின் பக்கம் நிற்கவில்லை. அடுத்த மாதமே அச்சலுகை பறிக்கப்பட, இலட்சக்கணக்கான யமனியர் மூட்டை கட்டினார்கள். ஒரு பருவத்தில் தேவையில்லாதிருந்து மறு பருவத்தில் கட்டாயமான ஒன்றை அல்லாஹ்வின் சட்டம் என்று எப்படிக் கூறுவது? அதே ஆண்டு குவைத்திலிருந்து ஏறத்தாழ 1,70,000 இந்தியர்கள் அம்மான் வழியாக விமானங்களில் தாயகம் திரும்பினார்கள். அவர்களில் தமிழர்களும் இருந்தனர்.

காலம் மாறியிருக்கிறது. 2009இல் பஹ்ரைன் வேலை மாறுவதை ஓரளவு எளிதாக்கியது. கத்தர் 2018இல் பெரும்பாலோருக்கு வெளியேறும் அனுமதியை நீக்கி, 2020இல் முதலாளி சம்மதமின்றி வேலை மாறவும் வழி செய்தது. சவூதி 2021 மார்ச்சில் நிறுவனத் தொழிலாளர்களுக்கு இத்தகைய உரிமைகளைத் தந்தபோது, வீட்டு டிரைவர்களும் வீட்டு வேலையாட்களும் தோட்டக்காரர்களும் அதில் சேர்க்கப்படவில்லை. நம் ஊர்ப்பக்கத்திலிருந்து படிப்புக் குறைந்தவர்கள் போகும் வேலைகளே இவை. அவ்வேலையும் முன்போல் இல்லை. 2018 ஜூன் 24 முதல் சவூதிப் பெண்கள் தாமே கார் ஓட்டலாம் என்றானபின், டிரைவர் வைக்காமலே சமாளிக்கும் வீடுகள் உண்டு. பெண் கார் ஓட்டக்கூடாது என்பதையும் மார்க்கம் என்றே இங்கே சிலர் வாதிட்டதை நாம் மறக்கவில்லை. மாற்றம் எப்போதும் முன்னோக்கியே போகும் என்பதும் இல்லை. குவைத் 2025 ஜூலையில் தனியார் துறைத் தொழிலாளர் நாட்டைவிட்டு வெளியேற முதலாளியின் அனுமதியைக் கட்டாயமாக்கியது.

அரபியைக் குறை கூறுவதோடு நிறுத்திக்கொண்டால் நமக்கு வசதிதான். அந்த விசாவை வாங்கி விற்பவர் யார்? நம் மச்சான், நம் மாமா, நம் தெருக்காரர். 2005ஆம் ஆண்டின் சவூதி தொழிலாளர் சட்டம் 40ஆம் பிரிவில், ஆள் வரவழைக்கும் செலவும் இகாமா செலவும் முதலாளியைச் சேர்ந்தவை என்கிறது. வீட்டு வேலையாட்கள் அச்சட்டத்துக்குள் வரமாட்டார்கள். அவர்களுக்கு விதிகள் தனி. "ஃப்ரீ விசா" என்பதோ இன்னும் மோசம். வேலையே தராத கஃபீலுக்கு விசாவுக்கு ஒரு விலை, பிறகு மாதந்தோறும் ஒரு தொகை. ஃப்ரீ என்பது அதில் எங்கே இருக்கிறதோ, தெரியவில்லை! சுதந்திர மனிதனை விற்று விலையை உண்பவனுக்கும், வேலை வாங்கிக்கொண்டு கூலி தராதவனுக்கும் மறுமையில் அல்லாஹ்வே எதிராளியாக இருப்பான் என்ற கருத்தில் ஹதீஸ் குத்ஸி வந்துள்ளது. இவ்விரு குற்றமும் ஒரே ஹதீஸில் அடுத்தடுத்து இடம்பெற்றிருப்பதை விசா வியாபாரம் செய்யும் சகோதரர்கள் கவனிப்பார்களாக.

அலைந்து திரிந்து காகிதம் முடித்தவர், முன்கூட்டிப் பேசிய கூலியை வாங்குவது கூடும். மருத்துவப் பரிசோதனை, டிக்கட் போன்ற செலவுகளை அப்படியே வாங்குவதும் கூடும். பிணை நிற்பதற்காகக் கஃபீல் வாங்கும் பணம் கூடாது. அதில் நடுவில் பங்கு வைத்துக்கொள்வதும் கூடாது. கொடுப்பவரின் நிலை என்ன? தன் உரிமையைப் பெற வேறு வழியின்றிக் கொடுத்தால் பாவம் வாங்கியவரைச் சேரும் என்று ஃபுகஹாக்கள் கூறியிருக்கிறார்கள். ஆனால் அந்நிய நாட்டு வேலை ஒருவனது உரிமையாகுமா? அந்தச் சலுகையை இங்கே எளிதில் எடுத்துக்கொள்வதற்கில்லை என்பது நம் கருத்து.

பெரியவரிடம், மச்சினனைக் கணக்கு எழுதி அனுப்பச் சொல்லுங்கள் என்றோம். அடுத்த வாரம் கணக்கு வந்தது. செலவு 42,000. கஃபீலுக்கு 80,000. மீதி 28,000 "சிரமத்துக்கு". சிரமத்துக்கு உரியதை நீங்கள் இருவரும் மனம் ஒப்பிப் பேசிக்கொள்ளலாம், அந்த 80,000தான் கூடாதது என்றோம். பிறகு அந்த மடித்த தாளைக் கேட்டு வாங்கிப் பார்த்தோம். அரபியில் இருந்த வேலை ஒப்பந்தம். இத்தனை நாளும் யாரும் அதைப் படித்துச் சொல்லவில்லை. பள்ளிவாசல்தோறும் அரபி ஓதிய ஓர் ஆலிம் இருக்க, நம் பிள்ளைகள் தாம் கையெழுத்திடும் அரபியைப் படிக்கக் கேளாமல் விமானம் ஏறுகிறார்கள்! மகனிடம் சொல்லப்பட்டது மாதம் 2,000 ரியால். தாளில் இருந்தது 1,500. டிரைவர் வேலையோடு வீட்டின் பிற வேலைகளும் என்று ஒரு வரி கீழே இருந்தது.

பெரியவர் சற்று நேரம் பேசவில்லை. தாளை வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு எழுந்தார். "மகள்கிட்டே கேட்டுட்டு வர்றேன் ஹஜரத். நகை அவளோடதுதானே" என்றார்.