பூத்துக்குப் போகும் பிள்ளைகளுக்கு

மரக்காணம் உப்பளத்தில் உப்பு வாரிக்கொண்டே நாற்பது வருசம் கட்சி வேலையும் பார்த்தவன் நான். முதல் தடவை தேர்தல் வேலைக்கு இறங்குகிற உங்களுக்கும், கனகசெட்டிக்குளம் தாண்டிப் புதுச்சேரிக்கு ஓட்டுக் கேட்கப் போகிற உங்கள் கூட்டாளிகளுக்கும் இதைச் சொல்கிறேன்.

1. தொகுதியின் அளவை முதலில் மனசில் வாங்கு. நம் திண்டிவனம் தொகுதியில் வாக்காளர்கள் இரண்டு லட்சத்துக்கும் மேல். புதுச்சேரியில் மொத்த வாக்காளர்களே சுமார் பத்து லட்சம் பேர்தான், அதற்கு 30 தொகுதிகள். அங்கே எம்.எல்.ஏ.வுக்கு எந்த வீட்டில் காதுகுத்து, எந்த வீட்டில் சாவு என்று தெரியும். மறுபடி நிற்கும்போது, "உங்கப்பா காரியத்துக்கு நான்தானே முன்னால நின்னேன்" என்று கையைப் பிடிப்பார். அந்தப் பாசம் பொய்யில்லை. ஆனால் உன் வீட்டுச் சாவுக்கு வந்தார் என்பதற்காக, அவர் சட்டசபையில் என்ன செய்தார் என்பதை மறந்துவிடாதே.

2. மறுபடி நிற்பவரிடம் இனிமேல் என்ன செய்வீர்கள் என்று கேட்காதே. ஐந்து வருசத்தில் செய்ததைக் கேள். ஐப்பசி மழையில் உப்புப் பாத்தி மூழ்கி நாம் கைகட்டி உட்கார்ந்த மாதங்களில் நமக்காக எந்த அதிகாரியிடம் போய் நின்றார் என்று கேள். நம் கட்சிக்காரர் என்றால் இன்னும் அழுத்திக் கேள்.

3. சின்ன சபையில் ஒவ்வொரு ஆளும் தூண். 2021 பிப்ரவரியில் புதுச்சேரியில் ஆளுங்கட்சிக் கூட்டணியிலிருந்து அடுத்தடுத்துச் சிலர் ராஜினாமா செய்தார்கள். 22ஆம் தேதி முதல்வர் நாராயணசாமியின் காங்கிரஸ் அரசு பெரும்பான்மை இழந்தது. ஆறு வாரத்தில், ஏப்ரல் 6இல், தேர்தல். காங்கிரசிலிருந்து விலகிய நமச்சிவாயம் பா.ஜ.க. வேட்பாளராக மண்ணாடிப்பட்டில் வென்றார். அவரைப் போலவே விலகிய லட்சுமிநாராயணன் என்.ஆர். காங்கிரசில் சேர்ந்து தன் பழைய ராஜ்பவன் தொகுதியிலேயே வென்றார். மக்கள் கொடுத்த தீர்ப்பு, அதை மதிக்கிறேன். ஆனாலும் பாதியில் ஏன் எழுந்து போனீர்கள் என்று அவர்களிடம் வாசலிலேயே கேட்டிருக்க வேண்டும் என்பது என் எண்ணம். பெரிய பேரும் எல்லா இடத்திலும் செல்லாது. அதே தேர்தலில் தட்டாஞ்சாவடியில் வென்று முதல்வரான ரங்கசாமி, ஏனாமில் ஒரு சுயேச்சையிடம் தோற்றார்.

4. பெரிய தொகுதியில் நம் ஒரு ஓட்டு என்ன செய்யும் என்று யாராவது சொன்னால் 2016ஐ எடுத்துச் சொல். திண்டிவனத்தில் தி.மு.க.வின் சீத்தாபதி 101 ஓட்டில் வென்றார். 2021இல் மறுபடி நின்று அ.தி.மு.க.வின் அர்ஜுனனிடம் தோற்றார். 101 பேர் என்றால் ஒரு காலை நம் உப்பளத்தில் இறங்குகிற ஆட்கள்.

5. பூத் ஏஜென்டாக உட்காருகிறவன் வாக்குப்பதிவுக்கு ஒன்றரை மணி நேரம் முன்பே போய்விடு. மாதிரி ஓட்டு குறைந்தது ஐம்பது போட்டு எண்ணிக் காட்டுவார்கள். எண்ணிய பிறகு மெஷினில் அதை அழித்தார்களா என்று கண்ணால் பார். சீல் நம்பரை எழுதிக்கொள். உன் பூத்து ஆளுக்குப் பதில் வேறு ஆள் வந்தால் கத்தாதே. இரண்டு ரூபாய் கட்டி ஆட்சேபிக்கலாம், அதற்கு விதி இருக்கிறது. சாயங்காலம் பதிவான ஓட்டுக் கணக்கான 17சி படிவத்தின் நகலை வாங்காமல் எழுந்திருக்காதே. ஒரு தேர்தலில் பசி தாங்காமல் நான் எழுந்து வந்துவிட்டேன். எண்ணும் நாளில் எங்கள் பூத்துக் கணக்கில் சந்தேகம் வந்தது. கையில் தாள் இல்லை, வாயடைத்து நின்றேன். இன்றைக்கும் அது உறுத்துகிறது.

6. தேர்தல் வருகிற ஏப்ரல், மே நம் உப்பு விளைகிற காலம். கூலி போய்விடுமே என்று பெண்கள் பாத்தியை விட்டு வரமாட்டார்கள். ஓட்டுப்போடும் நாளில் தினக்கூலிக்காரருக்கும் சம்பளத்தோடு விடுமுறை உண்டு என்று மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் சொல்கிறது. ஒரு வாரம் முன்பே உப்பளக்காரரிடம் போய்ப் பேசு.

7. ஓட்டுக்குப் பணம் பிரித்துக் கொடுக்கிற வேலைக்கு உன்னைக் கூப்பிட்டால் போகாதே.

8. புதுச்சேரிக்குப் போனவர்கள், பிரசாரம் முடிந்த அன்றைக்கே எல்லை தாண்டி ஊர் திரும்பிவிட வேண்டும். அந்தத் தொகுதியில் ஓட்டில்லாத கட்சிக்காரர் அதற்குமேல் அங்கே தங்கக்கூடாது.

9. நம்மவர் தோற்றால் அன்று சாயங்காலமே அவர் வீட்டுக்குப் போய் உட்கார்ந்துவிட்டு வா. மறுநாள் விடியுமுன் பாத்தியில் இறங்கும்போது ஜெயித்த கட்சிக்காரன் பக்கத்துப் பாத்தியில் நிற்பான். நீயே முதலில் பேச்சுக் கொடு.