புதிய கார்டு வாங்கும் முன்…

"தாத்தா, கேம் ரொம்ப இழுக்குது. புது கிராபிக்ஸ் கார்டு வாங்கித் தரச் சொல்லி அப்பாகிட்ட சொல்லுங்களேன்." கோடை விடுமுறையில் என் பேரன் கொடுத்த மனு இது. விலையைக் கேட்டேன், ஐந்து இலக்கம். வாங்குவதற்கு முன் ஒரு மாலைப் பொழுதைச் செலவிட்டுப் பார்ப்போம் என்று இருவரும் உட்கார்ந்தோம். இதே மனு நம் அன்பர்கள் பலரின் வீட்டிலும் வந்திருக்கும் என்பதால் அன்று செய்ததை எழுதுகிறேன்.

அவன் ஆடுவது 2011-இல் வெளியான 'ஸ்கைரிம்'. அவனிடம் இருப்பது அப்பா பயன்படுத்தி ஒதுக்கிய பழைய கணிப்பொறி.

ஆட்டம் ஏன் இழுக்கிறது? விநாடிக்கு 60 படங்கள் வரைய வேண்டுமென்றால், ஒரு படத்துக்குக் கிடைக்கும் அவகாசம் சுமார் 16.7 மில்லி விநாடிதான். அதற்குள் வேலை முடியாவிட்டால் காட்சி தடுமாறும். ஆகவே வேலையைக் குறைக்க வேண்டும். எந்த வேலையை எவ்வளவு செய்ய வேண்டும் என்பது சாதாரண எழுத்துக் கோப்புகளில் எழுதப்பட்டுள்ளது. 'டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டரில் 'மை கேம்ஸ்', அதனுள் 'ஸ்கைரிம்' என்று போனால், 'ஐ.என்.ஐ.' என்று முடியும் இரண்டு கோப்புகள் இருக்கும். நோட்பேடிலேயே அவற்றைத் திறக்கலாம்.

முதல் வேலை, இரண்டையும் வேறிடத்தில் நகல் எடுத்து வைப்பது. ஆட்டத்தை மூடிவிட்டுத்தான் கோப்பில் கைவைக்க வேண்டும்.

ஒவ்வொரு வரியிலும் ஒரு பெயர், சமக்குறி, ஒரு மதிப்பு. பெயரின் முதல் எழுத்து ஒரு குறிப்பு. 'ஐ' என்றால் முழு எண். 'எஃப்' என்றால் தசம எண். 'பி' என்றால் 1 அல்லது 0, அதாவது உண்டு அல்லது இல்லை. இது தெரிந்தால் பாதி பயம் போய்விடும்.

நாங்கள் முதலில் தொட்டது 'ஷேடோ மேப் ரெசல்யூஷன்' என்ற வரி. நிழலைக் கணிப்பொறி தனிச் சதுரப் படமாக வரைந்துகொண்டு, பிறகு காட்சியில் பொருத்துகிறது. 4096 என்று இருந்தால் அந்தச் சதுரத்தில் சுமார் 1 கோடியே 68 லட்சம் புள்ளிகள். 2048 ஆக்கினால் சுமார் 42 லட்சம்தான். எண் பாதியானால் வேலை கால்வாசி ஆகிறது. நிழலின் ஓரம் சற்று மழுங்கும்.

அடுத்தது 'ஷேடோ டிஸ்டன்ஸ்'. 8000 என்பதை 4000 ஆக்கினோம். தொலைவிலுள்ள மரங்களுக்கு நிழல் இல்லாமல் போயிற்று. ஆனால் அதே சதுரம் குறைந்த பரப்பில் விரிவதால், அருகிலுள்ள நிழல் முன்னைவிடத் தெளிந்தது!

இரண்டு வரிகளை மட்டும் தொடாதீர்கள். ஒன்று, 'கிரிட்ஸ் டு லோட்'. அது 5 என்றால் நம்மைச் சுற்றி 5×5, அதாவது 25 கட்டங்கள் முழு விவரத்துடன் இயங்கும். 7 ஆக்கினால் 49 கட்டங்கள். காட்சி அழகாகத்தான் இருக்கும். ஆனால் 7-இல் சேமித்த ஆட்டத்தை மீண்டும் 5-இல் திறக்க முயன்றால் ஆட்டம் நின்றுபோவதுண்டு. பிள்ளையின் பல மாத உழைப்பு அதற்குள் சிக்கிக்கொள்ளும். மற்றொன்று, 'பிரசென்ட் இன்டர்வல்'. இதை 0 ஆக்கினால் வேகம் 60-ஐத் தாண்டலாம். ஆனால் 2011-ஆம் ஆண்டுப் பதிப்பில் பொருள்களின் அசைவுக் கணக்கு 60-ஐ ஒட்டியே அமைந்தது. தாண்டினால் மேசையிலிருக்கும் தட்டும் கூடையும் தானாகத் துள்ளி விழும்!

ரயில்வே பணிமனையில் நாங்கள் பின்பற்றிய முறையே இங்கும் பொருந்தும். ஒரு நேரத்தில் ஒரே மாற்றம். பழைய எண், புதிய எண், கண்ட பலன் மூன்றையும் நோட்டில் எழுதுதல். பலன் இல்லையென்றால் பழைய எண்ணுக்கே திரும்புதல். நான்கு எண்களைச் சேர்த்து மாற்றினால், எது உதவியது, எது கெடுத்தது என்று யாருக்கும் தெரியாது. எல்லாம் குழம்பிவிட்டால் நகலைத் திரும்ப வையுங்கள். நகலும் இல்லையென்றால் அவ்விரு கோப்புகளை நீக்கிவிட்டு ஆட்டத்தைத் தொடங்குங்கள். அது புதியவற்றை எழுதிக்கொள்ளும்.

எல்லா எண்களையும் குறைத்த பின்பும் இழுத்தால், கார்டு உண்மையிலேயே போதாமல் இருக்கலாம். அப்போது வாங்கித் தருவதில் தவறில்லை. எங்கள் வீட்டில் அந்தப் பேச்சு அடுத்த ஆண்டுக்குத் தள்ளிப்போனது. நோட்டில் பேரனின் கையெழுத்தில் ஒன்பது வரிகள் இருக்கின்றன.