கல்லூரிக் கால்பந்தின் மகுடப் போட்டி

கேள்வி: அமெரிக்கத் தென்கிழக்குக் கல்லூரிகளின் அமெரிக்க பாணிக் கால்பந்துச் சாம்பியன் போட்டியைக் காணக் கேபிள் இணைப்பு அவசியமா?

பதில்: அவசியமில்லை. 1992-ல் பர்மிங்ஹாமில் தொடங்கி, 1994 முதல் அட்லாண்டாவில், பெரும்பாலும் டிசம்பரின் முதல் சனிக்கிழமையன்று நடந்துவரும் இப்போட்டி, 2001 முதல் 2023 வரை சி.பி.எஸ். தொலைக்காட்சியின் வசமிருந்து, 2024-ல் ஏ.பி.சி.யின் கைக்கு மாறிவிட்டது. அதுவும் ஆகாய மார்க்கமாக இலவசமாய் ஒளிபரப்பும் ஸ்தாபனமே ஆதலால், அமெரிக்காவில் அதன் உள்ளூர் நிலையத்தின் அலை எட்டும் தூரத்தில் வசிப்பவர்க்குச் சாதாரண ஆன்டெனா ஒன்றே போதும்.

கடிகாரக் கணக்கில் ஆட்டம் 60 நிமிஷந்தான். விளம்பரதாரர்களின் கிருபையால் அது 3 மணி நேரத்தையும் தாண்டும். நான்கு முயற்சிகளுக்குள் பத்துக் கஜம் முன்னேறியாக வேண்டும் என்ற நியதியை மனத்தில் இருத்திக்கொண்டு, எல்லோரையும்போல் பந்தின் பின்னாலேயே பார்வையை ஓடவிடாமல், பந்தை எறியும் தம் தளபதிக்கு அரணாக முன்வரிசையில் நின்று மோதும் ஐவரைச் சற்று கவனிப்பவருக்கே இவ்விளையாட்டின் சூட்சுமம் புலப்படும் என்பது என் அபிப்பிராயம். பத்திரிகைகளோ பந்தை எறிபவரையே புகழ்கின்றன!

பதிவுசெய்து பார்ப்பதானால், குறித்த நேரத்துக்கு மேல் ஒரு மணி நேரம் கூடுதலாக வைத்துக்கொள்ளுங்கள். சமநிலையில் முடிந்தால் உபரி ஆட்டம் உண்டு.