பாங்கிக் காரியதரிசி கென்னத் கிரேயம்

பொன்னை எண்ணும் கை கதை எழுதாது என்பது உலகத்தார் பலரது எண்ணம். பேரேட்டுக்கும் இலக்கியத்துக்கும் தீராப் பகை என்று யாமும் நினைத்திருந்தோம். தமிழ் ஆனர்சு வகுப்பிற் சேர்ந்த நாளில், “இதைப் படித்து என்ன செய்யப் போகிறாய்? பாங்கியில் ஓர் உத்தியோகம் தேடிக்கொண்டால் ஆகாதா?” என்று உறவினர் வினவக் கேளாதார் நம்முள் அரியர். ஆகவே, உறவினர் சொற்படி பாங்கி புகுந்த ஓர் இளைஞன் என்னவாயினான் என்றறியும் வேட்கையோடு, கென்னத் கிரேயம் என்னும் ஸ்காட்லாந்துக்காரரின் சரிதத்தைப் படிக்கலானோம். பாங்கியின்மேற் குற்றஞ் சாட்டும் கருத்துடனேயே படிக்கத் தொடங்கினோம் என்பதை ஒளிப்பானேன்?

கிரேயம் 1859-ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 8-ஆம் நாள் எடின்பரோ நகரிற் பிறந்தார். தந்தையார் வழக்கறிஞர், ஆர்கைல் பகுதியில் நீதித்துறை உத்தியோகம் பெற்று, லாக் ஃபைன் என்னும் கடற்கழிக் கரையிலுள்ள இன்வரேரியிற் குடியேறினார். அங்கே 1864-இல் செஞ்சுரம் என்னும் கொடுநோய் தாயாரைக் கொண்டுபோயிற்று. ஐந்து வயதுச் சிறுவனாகிய கென்னத்தும் அந்நோயில் விழுந்து அரிதிற் பிழைத்தார். தந்தையோ துயரை மதுவால் ஆற்ற முயன்று, மக்களைப் பேணும் வலியிழந்தார். குழந்தைகள் நால்வரும் இங்கிலாந்தில் தாயைப் பெற்ற பாட்டியாரிடம் அடைக்கலம் புகுந்தனர். தேம்ஸ் ஆற்றுக்கு அண்மையிலுள்ள குக்கம் டீன் என்னும் சிற்றூரில் அப்பாட்டியாரின் வீடு இருந்தது. கிரேயம் அங்கு வாழ்ந்தது சில ஆண்டுகளே. ஆயினும் அவ்வாற்றங்கரையை அவர் உள்ளம் என்றும் விட்டகன்றதில்லை.

1868-இல் ஆக்ஸ்போர்டு நகரிலுள்ள புனித எட்வர்டு பள்ளியிற் சேர்ந்தார். படிப்பிலும் பந்தாட்டத்திலும் முன்னின்று மாணவர் தலைவராகவும் விளங்கினார். கல்லூரிக் கோபுரங்களைக் கண்ணாரக் கண்டுகொண்டே வளர்ந்த பிள்ளைக்கு அக்கல்லூரிகளுள் ஒன்றிற் பயிலவேண்டும் என்னும் ஆசை எழுந்தது இயல்பேயன்றோ? ஆனால் செலவுக்குப் பொருளுதவ வேண்டியிருந்த தந்தை வழி உறவினர் இசைந்திலர். இங்கிலாந்து பாங்கியில் ஓர் இடமே அப்பிள்ளைக்குப் போதும் என்று முடிவு செய்தனர். அவ்விடமும் உடனே கிட்டவில்லை. ஈராண்டளவு லண்டனில் தந்தையின் உடன்பிறந்தார் ஒருவரது அலுவலகத்தில் எழுத்து வேலை பார்த்துக் காத்திருந்து, 1879-ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் பாங்கியிற் குமாஸ்தாவாக அமர்ந்தார். அன்று அவருக்கு அகவை பத்தொன்பது. இதனை எழுதும் எமக்கும் அகவை அதுவே. அவ்விடத்தைப் படித்தபோது நூலை மூடிவைத்துச் சற்று நேரம் வாளா இருந்தோம்.

இனி, அப்பாங்கி யாம் எண்ணியதுபோற் சிறைக்கூடமாக இருந்ததோ எனின், இல்லை. குமாஸ்தாக்களுட் சிலர் குடித்துவிட்டு வருவதும், நாய்ச் சண்டை விடுவதுங்கூட அக்காலத்து அங்கு உண்டு என்பர். மாலைப் பொழுது இளைஞர் கையில் இருந்தது. கிரேயம் அதனை வீணாக்கினாரல்லர். ஆங்கில இலக்கிய ஆராய்ச்சியிற் பேர்பெற்ற பர்னிவால் என்னும் அறிஞரின் நட்பைப் பெற்று, அவர் நிறுவிய ஷேக்ஸ்பியர் சங்கத்திற் கௌரவக் காரியதரிசியாகப் பணிபுரிந்தார். பாங்கியின் பழைய பேரேடு ஒன்றில் தம் செய்யுள்களையும் சிந்தனைகளையும் எழுதிவைத்தார் என்றும் கூறுவர். வரவும் செலவும் பதியவேண்டிய ஏட்டில் கவிதை பதிந்த அக்கையை யாம் மிகவும் விரும்புகின்றோம்.

பின்னர் ஹென்லி என்னும் பத்திராசிரியர் அவருடைய கட்டுரைகளை வெளியிட்டார். உத்தியோகத்தை உதறிவிட்டு எழுத்தையே தொழிலாகக் கொள்ளுமாறு வற்புறுத்தவும் செய்தார். கிரேயம் இணங்கவில்லை. தாம் தானே சுரக்கும் ஊற்றேயன்றி வேண்டும்போதெல்லாம் இறைத்துத் தரும் பொறி அல்லர் என்பது அவர் தம்மைப்பற்றிக் கொண்டிருந்த கருத்து. 1895-இல் ‘பொற்காலம்’ எனவும், 1898-இல் ‘கனவு நாட்கள்’ எனவும் நாம் பெயர்க்கத்தக்க இரு நூல்கள் வெளிவந்தன. பெற்றோரில்லாக் குழந்தைகளின் உலகை அவை காட்டின. அவ்விரண்டாம் நூல் வெளிவந்த 1898-ஆம் ஆண்டிலேயே, முப்பத்தொன்பதாம் அகவையில், அவர் பாங்கியின் காரியதரிசியானார். பாங்கியின் பேருத்தியோகங்களுள் அதுவும் ஒன்று.

1903-ஆம் ஆண்டு நவம்பர் 24-ஆம் நாள் நிகழ்ந்தது கதையினும் வியப்பானது. அந்நியர் ஒருவர் பாங்கிக்கு வந்து கவர்னரைக் காணவேண்டும் என்றார். கவர்னர் இல்லாமையாற் காரியதரிசியிடம் அனுப்பப்பட்டார். வந்தவர் சுருட்டிய காகிதக் கட்டு ஒன்றை நீட்டினார். அதன் ஒரு முனையில் வெள்ளை நாடாவும் மறுமுனையிற் கறுப்பு நாடாவும் கட்டியிருந்தன. கிரேயம் ஒன்றும் அறியாது கறுப்பு முனையைப் பற்றினார். உடனே வந்தவர் கைத்துப்பாக்கியை எடுத்துச் சுட்டார். குண்டுகள் குறி தவறின. தீயணைக்கும் குழாயால் நீரைப் பீய்ச்சியே அவரை அடக்கவேண்டியதாயிற்று. சித்தம் பேதலித்தவர் என்று தீர்மானித்து, அத்தகையோரை வைக்கும் இடத்துக்கு அவரை அனுப்பினர்.

கிரேயம் 1899-இல் எல்ஸ்பெத் தாம்சன் என்னும் பெண்மணியை மணந்தார். மறு ஆண்டு பிறந்த ஒரே மகன் அலஸ்டேருக்கு ஒரு கண் பார்வையற்றது. உறங்கும் வேளையில் அம்மகனுக்குச் சொன்ன கதையை, 1907-இற் பிரிந்திருந்த நாட்களிற் கடிதங்களாக எழுதியனுப்பினார். அக்கடிதங்களைச் செவிலியாகிய ஆசிரியை பத்திரப்படுத்தி வைத்தார். அவற்றினின்று வளர்ந்ததே, ‘வில்லோ மரங்களிடை வீசும் காற்று’ எனத்தக்க பெருநூல். அகழெலி, நீரெலி, தற்பெருமைத் தேரை ஆகியோர் அதன் பாத்திரங்கள். வீட்டுக்குச் சுண்ணாம்படிக்கும் வேலையை வெறுத்தெறிந்துவிட்டு அகழெலி வெயிலுக்கு வெளியேறும் முதற்காட்சியை எழுதியவர் அப்பொழுதும் பாங்கி நாற்காலியில் இருந்தவரே என்பதை மறக்கலாகாது. 1908 ஜூன் மாதத்தில், உடல்நலக் குறைவைக் காரணமாகக் காட்டி, ஆண்டுக்கு 400 பவுன் ஓய்வூதியத்தோடு பதவி விலகினார். அவ்வாண்டு அக்டோபரில் நூல் வெளிவந்தது. முதலிற் சில விமரிசகர் அதனை மதித்திலர். அமெரிக்க ஜனாதிபதி ரூஸ்வெல்ட் போற்றிப் படித்தார்.

இங்கேதான் எம் வழக்குத் தளர்ந்தது. பாங்கியை விட்டபின் இருபத்து நான்கு ஆண்டு ஓய்வு அவருக்கு வாய்த்தது. சிறுவர்க்கான கவிதைத் திரட்டு ஒன்று தொகுத்தார்; முன்னுரை சில எழுதினார்; மற்றொரு கதைநூல் எழுதினாரல்லர். அவர் பெயரை நிலைநிறுத்திய நூல்கள் அனைத்தும் பாங்கிச் சம்பளம் வாங்கிய நாட்களில் எழுதியவை. குற்றப்பத்திரிகையை யாம் கிழித்துவிட வேண்டியதாயிற்று. ஆயினும், ஆக்ஸ்போர்டுக் கதவை அடைத்தவர்மேல் எமக்குள்ள சினம் தணிந்தபாடில்லை.

தமக்குக் கிட்டாத அவ்விடத்துக்கு மகனை அனுப்பினார் கிரேயம். கிறைஸ்ட் சர்ச் கல்லூரியிற் பயின்றுவந்த அலஸ்டேர் 1920-ஆம் ஆண்டு மே மாதத்தில், இருபது அகவை நிரம்பச் சில நாட்களே இருக்க, நகர்ப்புறத்து இருப்புப்பாதையில் மாண்டு கிடந்தார். தற்செயலாக நேர்ந்த மரணம் என விசாரணை முடிந்தது. அவ்வாறன்று என்று கருதுவாரும் உளர்.

கிரேயம் 1932 ஜூலை 6-ஆம் நாள் தேம்ஸ் கரையிலுள்ள பாங்போர்ன் என்னும் ஊரிற் காலமானார். பின்னர் அவர் உடல் ஆக்ஸ்போர்டில் மகன் கல்லறையிலேயே அடக்கஞ் செய்யப்பெற்றது. தம் நூல்களின் வருமானம் மனைவியார் காலத்துக்குப்பின் ஆக்ஸ்போர்டுப் பல்கலைக்கழகத்தின் பாட்லியன் நூல்நிலையத்தைச் சேரவேண்டும் என்று அவர் எழுதிவைத்திருந்தார். 1946-இல் மனைவியாரும் மறைந்தார். தேரையும் அகழெலியும் ஈட்டிய பொருள் அதன்பின் நெடுங்காலம் அந்நூல்நிலையத்துக்குச் சென்றுகொண்டிருந்தது.