வாடிவாசலும் கதர்ச் சட்டைக்காரரும்

தை மாதம் பிறந்தால் புனே கேம்பில் தமிழர்கள் கூடும் இடத்தில் ஜல்லிக்கட்டுப் பேச்சு வந்துவிடும். மராத்தி நண்பர் இருந்தால் தன் பங்குக்கு பைல்காடா எனும் மாட்டுவண்டிப் பந்தயத்தை இழுப்பார். 2023 மே 18இல் உச்ச நீதிமன்றம் இரண்டுக்கும் ஒரே தீர்ப்பில்தான் வழிவிட்டது. அடுத்து சி. சு. செல்லப்பாவின் ஜல்லிக்கட்டுக் கதையான ‘வாடிவாசல்’ வரும். படித்தவர்களைவிடப் பேசுகிறவர்கள் அதிகம், அதனால் சில கட்டுக்கதைகளும் சேர்ந்தே வரும்.

“அவரே மாடு பிடித்தவராம்.” வத்தலக்குண்டுப் பிராமணக் குடும்பம், கதர்ச் சட்டை, காந்தி பக்தி, 1941இல் தனிநபர் சத்தியாக்கிரகத்துக்காகச் சிறை. இதுதான் செல்லப்பா. திமிலைத் தழுவியவரில்லை, பார்த்தவர். ஆனால் என்ன பார்வை! வாடியை ஒட்டி நிற்பவன் கால் வைக்கும் விதம், காளை தலையைச் சாய்க்கும் அந்த நொடி, மதுரைப் பக்கத்துக் கொச்சை, எதையும் விடவில்லை.

“ஹெமிங்வேயைப் பார்த்து எழுதினார்.” ஹெமிங்வே ஸ்பெயினில் காளைப்போர் பார்க்கத் தொடங்கியது 1923இல். ‘வாடிவாசல்’ நூலான 1959இன் கோடையில்தான் அவர் ஓர்தோன்யெஸ், தொமிங்கின் என்ற இரு வீரர்களின் பின்னே ஊர் ஊராக அலைந்தார். ஆண்டு ஒன்று, அவ்வளவுதான். அங்கே காளையின் முடிவு வாளால் என்பது முன்பே தீர்மானமானது. இங்கே ஆயுதம் கிடையாது, மூன்று துள்ளலுக்குத் திமிலை விடாதிருந்தால் மாட்டை அணைந்ததாகக் கணக்கு, பிறகு அது வீடு திரும்பும்.

“தமிழன் வீரத்துக்குப் பாடிய பரணி.” இப்படிச் சொல்கிறவர்கள் கடைசிப் பக்கம்வரை போகவில்லை என்பேன். அப்பன் அம்புலியைக் கொன்ற காரிக் காளையை அணையத்தான் பிச்சி வருகிறான், அணைந்தும் விடுகிறான். அதன் பிறகு துப்பாக்கியை எடுப்பது பிச்சியின் ஆளில்லை, காளையை வளர்த்த ஜமீன்தார். தோற்ற மாடு அவர் கௌரவத்துக்கு இழுக்கு, அதனால் தன் கையாலேயே சுடுகிறார். பிச்சிக்கு இந்த மோதல் அப்பனின் கணக்கு, ஜமீனுக்கு அந்தஸ்து, மாட்டுக்கு ஒன்றுமே இல்லை. மனிதர்களின் மானத்தை ஒரு விலங்கின் முதுகில் ஏற்றி வைக்கும் வழக்கத்தை இத்தனை அமைதியாகக் குத்திக்காட்டிய கதை தமிழில் எனக்கு வேறு தெரியாது. நூறு பக்கம்கூட இல்லாத குறுநாவல்தான், ஒரே மதியத்தில் படித்துவிடலாம். பெருநாவல் என்று நினைத்துத் தள்ளிப்போடுகிறவர்களுக்காகச் சொல்கிறேன்.

“அதற்குத்தானே சாகித்திய அகாதெமி விருது?” இல்லை. ‘எழுத்து’ பத்திரிகை நடத்திக் கைக்காசைக் கரைத்தவர், புத்தகங்களைத் தோளில் சுமந்து கல்லூரி கல்லூரியாக விற்றவர், அவர். அத்தனை பாடுபட்டவருக்கு விருது வந்தது ‘சுதந்திர தாகம்’ நாவலுக்கு, 2001இல். 1998 டிசம்பரிலேயே அவர் காலமாகிவிட்டார்.