வரப்பில் நிற்கும் மனிதர்

சிரஞ்சீவித் தம்பிக்கு,

உன் கடிதம் கிடைத்தது. உன் கட்சிக்காரரான அம்மாளின் தகப்பனார் உயில் எழுதாமல் காலமானபின், அவருடைய சுயார்ஜிதமான ஆறு ஏக்கர் நன்செயில் மூன்றிலொரு பாகம் கேட்டு அந்த அம்மாள் தொடுத்திருக்கும் தாவாவில், அதற்கு முன்பே மூத்த தமையனிடம் சாலையோரத்து இரண்டரை ஏக்கரை நான்கெல்லை குறித்துக் கிரயம் பெற்றிருந்த ஒருவர் தம்மையும் பிரதிவாதியாகச் சேர்க்கும்படி மனுப் போட்டிருக்கிறார் என்றும், "நம் குடும்பத்துக்கு அவர் யார்?" என்று உன் கட்சிக்காரர் கொதிப்பதால் நீ ஆட்சேபணை எழுதி வைத்திருக்கிறாய் என்றும் அறிந்தேன். அந்த அம்மாளின் கோபம் நியாயமானதே. ஆனால் அதை அப்படியே எதிருரையாக எழுதிக் கொடுப்பது வக்கீலின் வேலையன்று.

நான் தொழிலுக்கு வந்த புதிதில் இதே தவறைச் செய்தேன். கிரயதாரர் ஒருவரை அந்நியர் என்று ஒதுக்கிவிட்டு, பங்காளிகளை மட்டும் வைத்து வழக்கை நடத்தி, இறுதித் தீர்ப்பாணையும் பெற்று, சுவாதீனம் எடுக்க அமீனாவோடு கட்சிக்காரரை அனுப்பினால், அந்த மனிதர் கிரயப் பத்திரத்தைக் கையில் பிடித்துக்கொண்டு வரப்பிலே நிற்கிறார்! "எனக்குத் தெரியாமல் நடந்த வழக்கு என்னை எப்படிக் கட்டுப்படுத்தும்?" என்ற அவர் கேள்விக்கு என்னிடம் விடையில்லை. முடிந்ததென்று நினைத்த விவகாரம் அன்றுதான் மறுபடி ஆரம்பமாயிற்று.

இதைத் தவிர்க்கவே 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் முதற் கட்டளை, பத்தாம் விதி, இரண்டாம் உட்பிரிவு, வழக்கின் எந்தக் கட்டத்திலும், ஒருவர் மனுச் செய்தாலும் செய்யாவிட்டாலும், தரப்பினரைச் சேர்க்கவும் நீக்கவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. எவர் இல்லாமல் பயனுள்ள தீர்ப்பாணை பிறக்கவே முடியாதோ அவர் அவசியமான தரப்பினர். எவர் இருந்தால்தான் விவகாரம் முழுவதும் ஒருசேர முடிவுறுமோ அவர் உசிதமான தரப்பினர். பாகப்பிரிவினையில் முதல்நிலைத் தீர்ப்பாணை பாகங்களை நிர்ணயிக்கிறதேயன்றி மண்ணைப் பிரிப்பதில்லையாதலால், இறுதித் தீர்ப்பாணை வரையில் வழக்கு உயிரோடிருக்கிறது. அதுவரையில் சேர்க்கும் வாசலும் அடைபடுவதில்லை.

சேர்ப்பதனால் அவர் கேட்டதெல்லாம் அவருக்குக் கிடைத்துவிடுமோ என்று அஞ்சாதே. தனக்கில்லாததை எவரும் பிறருக்குக் கொடுக்கவியலாது. மூத்தவரின் பாகம் இரண்டு ஏக்கர். அவர் எழுதிக் கொடுத்ததோ இரண்டரை. அந்த அரை ஏக்கர் தங்கையையும் தம்பியையும் கட்டுப்படுத்தாது. சாலையோரத்து நிலம் உள்நிலத்தைவிட விலை மிகுந்ததாயின், பாகம் அளவால் மட்டுமன்றி மதிப்பாலும் சமப்படவேண்டியிருப்பதால், அங்கே இரண்டு ஏக்கர்கூட மூத்தவர் கணக்கில் விழாமற் போகலாம். மற்றவர்களுக்குப் பாதகமில்லாதவரை, விற்ற இடத்தை விற்றவரின் பாகத்திலேயே ஒதுக்கிக் கிரயதாரரைக் காப்பாற்றுவது நீதிமன்றங்கள் கைக்கொள்ளும் நியாயம். அதை அவர் கேட்கட்டும், நீ மதிப்பைக் காட்டி மறுத்துரை. அந்த வாதம் நீதிமன்றம் நியமிக்கும் ஆணையர் நிலத்தை அளக்கும்போதே நடக்கவேண்டும். அமீனா வந்தபிறகு நடக்கக்கூடாது.

வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்கியவர் நிலைமை வேறு. 1882-ஆம் ஆண்டு சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, அத்தகைய கிரயத்தைச் செல்லாதென்று சொல்லாமல், வழக்கின் முடிவுக்குக் கீழ்ப்பட்டதென்று சொல்கிறது. வழக்கு நடப்பது தமக்குத் தெரியாதென்று அவர் சொல்வதும் பயனற்றது. எனினும் அவரையும் 22-ஆம் கட்டளை 10-ஆம் விதிப்படி உள்ளே விடலாம். நிலத்தை விற்றுப் பணம் வாங்கியவர் வழக்கில் சிரத்தை காட்டுவாரென்று எதிர்பார்க்க முடியாதல்லவா? சொத்து குடியிருப்பு வீடாக இருந்தால் மட்டும் ஜாக்கிரதையாக இரு: அவிபக்த குடும்பத்தின் வீட்டில் ஒரு பாகத்தை வாங்கிய அந்நியருக்குக் கூட்டு அநுபவம் கேட்கும் பாத்தியமில்லை; அவரே பிரிவினைக்கு வழக்கிட்டால், 1893-ஆம் ஆண்டுப் பாகப்பிரிவினைச் சட்டத்தின் 4-ஆம் பிரிவுப்படி, நீதிமன்றம் விதிக்கும் விலைக்கு அப்பாகத்தைக் குடும்பத்தாரே வாங்கிக்கொள்ளலாம்.

இன்னொன்று. பின்னால் சேர்க்கப்படும் பிரதிவாதியைப் பொறுத்தவரை, அவரைச் சேர்த்த நாளிலேதான் வழக்குத் தொடங்கியதாக 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 21-ஆம் பிரிவு பாவிக்கிறது. விடுபட்டது நல்லெண்ணத்தில் நேர்ந்த பிழையென்று நீதிமன்றம் திருப்தியடைந்தால்தான் முந்திய தேதி கிடைக்கும். தாமதம் செய்வது உன் கட்சிக்காரருக்கே நஷ்டம்.

ஆகையால் அந்த ஆட்சேபணையைத் தாக்கல் செய்யாதே. "ஆட்சேபணையில்லை" என்று எழுதிக் கொடுத்து, பிராதைத் திருத்தி, அந்தக் கிரயம் வாதியின் பாகத்தைக் கட்டுப்படுத்தாதென்று விளம்புகை கேள். பத்திரத்தில் கையொப்பமிடாத அந்த அம்மாள் அதை ரத்துச் செய்யக் கேட்கவேண்டியதில்லை. அதற்கு முன், சார்பதிவாளர் அலுவலகத்தில் இன்றைய தேதிவரை வில்லங்கச் சான்று வாங்கிப் பார். அண்ணன் வேறு யாருக்கும் எழுதிக் கொடுத்திருந்தால், வாங்கியவரையும் இதே மனுவோடு சேர்த்துவிடலாம்.

உன் அன்புள்ள
மாமா