தாமோதரம்பிள்ளையும் அவர் நூல்களும்



இராவ்பகதூர் சி. வை. தாமோதரம்பிள்ளையவர்கள் சரித்திரத்தை மேல்வகுப்பிற் கற்பிக்குங்கால், நூற்பெயர்களையும் ஆண்டுகளையும் நெட்டுருப் பண்ணுவிப்பதோடு நாம் அமைந்துவிடுகின்றோம். யானும் பலவாண்டு அங்ஙனமே செய்தேன். ஒருநாள் ஒரு மாணாக்கன், "ஐயா, வீரசோழியஞ் செய்தவர் பௌத்தர், சூளாமணி செய்தவர் சமணர் என்கின்றீர்கள். பிள்ளையவர்கள் சைவரன்றோ? அவற்றை ஏன் அச்சிட்டார்?" என்று வினாவினான். அவ்வினாவே இப்பாடத்துக்குத் திறவுகோலாம்.

பிள்ளையவர்கள் 1832 இல் யாழ்ப்பாணத்துச் சிறுப்பிட்டியிற் பிறந்தார். முத்துக்குமார கவிராயரிடந் தமிழும், வட்டுக்கோட்டைச் செமினரியில் ஆங்கிலமுங் கற்றார். பின்பு சென்னை சென்று தினவர்த்தமானிப் பத்திரிகையை நடாத்தினார். 1857 இல் நிறுவப்பெற்ற சென்னைச் சருவகலாசாலையின் முதற் பி. ஏ. பட்டதாரிகள் இருவருள் இவர் ஒருவர். கணக்குப் பரிசோதனை உத்தியோகமும், கும்பகோணத்தில் வக்கீற்றொழிலும், புதுக்கோட்டையில் நீதிபதிப் பதவியும் வகித்தார். 1901 சனவரி 1 இற் சிவபதமடைந்தார்.

இவர் வெளிப்படுத்திய நூல்களை மூவகையாகப் பகுத்துக் கரும்பலகையில் எழுதுக.

முதலாவது, மாணாக்கர்க்காயவை: ஆறாம், ஏழாம் வாசக புத்தகங்களும், சூளாமணி வசனமும்.

இரண்டாவது, சமயம் பற்றியது: சைவ மகத்துவம்.

மூன்றாவது, ஏட்டினின்றும் பரிசோதித்துப் பதிப்பித்தவை: வீரசோழியம் (1881), இறையனாரகப்பொருள் (1883), தொல்காப்பியப் பொருளதிகாரம் (1885), கலித்தொகை (1887), சூளாமணி (1889) முதலாயின. எட்டுத்தொகையுள் முதற்கண் அச்சேறியது கலித்தொகையே.

இனி அம்மாணாக்கன் வினாவுக்கு விடை கூறுவாம். ஏட்டுச்சுவடியைச் செல்லரிக்கும்; கட்டவிழ்க்கும்போதே ஓரம் முரியும். பெயர்த்தெழுதுவார் அருகியபின், எஞ்சிய பிரதி அழியின் நூலும் உடனழியும். செல்லானது இது சைவநூல், இது சமணநூல் என்று பார்ப்பதில்லை. பிள்ளையவர்கள் தஞ்சமயத்தை விட்டாரல்லர். ஏழாலையிற் சைவப் பாடசாலையும் தாபித்தார். ஆயினும் தமிழ்நூல் அழியப் பார்த்திருத்தலை அவர் மனம் பொறுக்கவில்லை. தஞ்சமயத்தில் உறைத்துநின்றவரே பிறர்செல்வத்தையும் பேணினார். இதனை மாணாக்கர் உளங்கொள்ளச் செய்தலே பாடத்தின் பயன்.

மற்றொன்றுங் கூறுவாம். பதிப்புகளுட் பல, அவர் உத்தியோகத்துக்கும் வழக்குக்கும் இடையே, ஐம்பது வயதுக்குமேற் செய்யப்பட்டவை. "பாடசாலை வேலை முடிந்தபின் ஓய்வில்லை, வயதும் போயிற்று" என்று சொல்லும் யாம் இதனை நினைத்தல் வேண்டும். பாடம் முடிந்தபின், வீட்டுப் பரணில் ஏடுளதாயின் அறிந்துவருமாறு மாணாக்கரை ஏவுக. வைத்தியவாகடமாயினும் சோதிடமாயினும் இகழற்க. கட்டினைத் தாமே அவிழ்க்க விடாது, நீவிர் உடனிருந்து ஓரேட்டையேனும் பார்த்தெழுதுவிக்க. புள்ளியில்லா எழுத்தை வாசிக்க அவர் இடர்ப்படும் அந்நாழிகையிலே, பிள்ளையவர்கள் பட்ட பாடு அவர்க்குத் தானே விளங்கும்.